சுமேரிய நகரங்கள் ஒரே நாளில் முளைக்கவில்லை

"சுமேரிய நாகரிகத்துக்கு முன் அங்கே ஒன்றுமே இல்லை, வேற்றுக்கிரகவாசிகள் வந்துதான் எல்லாம் கற்றுக்கொடுத்தார்கள்" என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. பொய்.

தெற்கு ஈராக்கில், பழைய சுமேரிய நகரமான எரிதுவில் 1946 முதல் 1949 வரை தொல்லியலாளர்கள் ஃபுவாத் சஃபரும் சீட்டன் லாய்டும் தோண்டியபோது, பிற்காலத்துச் சிகுரத் (அடுக்கடுக்காக உயரும் கோயில் மேடை) ஒன்றின் அடியில் கோயிலுக்குக் கீழே கோயில், அதற்கும் கீழே இன்னொன்று என்று 15-க்கும் மேற்பட்ட அடுக்குகள் வெளிப்பட்டன. அடியில் இருந்த ஒன்று, சுமார் 3 மீட்டர் சதுரத்தில் மண் செங்கல்லால் கட்டிய ஒற்றை அறைதான். உள்ளே ஒரு மாடம், நடுவில் தீயின் தடம் பதிந்த படையல் மேடை. மேலே வர வர கோயில் பெரிதாகிறது, படைத்த மீன்களின் எலும்புகள்கூடக் கிடைத்திருக்கின்றன. இதெல்லாம் தலைமுறை தலைமுறையாக மனிதர்கள் இடித்து, நிரப்பி, மேலே கட்டியது.

எழுத்தும் அப்படித்தான். முதலில் கணக்குக்குக் களிமண் வில்லைகள், அப்புறம் அவற்றை உள்ளே வைத்து மூடி முத்திரையிட்ட களிமண் உருண்டைகள், கி.மு. 3300 வாக்கில் ஊருக் என்ற சுமேரிய நகரில் எழுத்துப் பலகைகள். அவற்றில் பெரும்பாலானவை தானியம், பீர், ஆடு பற்றிய வரவு செலவுதான். அந்த உழைப்பாளிகளின் பெருமையைப் பறித்து விண்கலத்துக்குக் கொடுப்பது பெரிய அநியாயம். அந்தச் செய்தி உங்களுக்கு வந்தால், எரிதுவின் அந்தச் சின்ன அறையைப் பற்றிச் சொல்லுங்கள்.