கஞ்சா கேஸ் போட்டுருவேன்

வாய்த்தகராறு முற்றி ஸ்டேஷன் வரை போனவர்கள் இந்த வார்த்தையைக் கேட்டிருப்பீர்கள்: "ரொம்பப் பேசினா கஞ்சா கேஸ் போட்டு உள்ள தள்ளிருவேன்." கொலை கேஸ் போடுவேன் என்று யாரும் மிரட்டுவதில்லை. அதற்குப் பிணம் வேண்டும், ஆயுதம் வேண்டும், பார்த்த சாட்சி வேண்டும். கஞ்சாவுக்கு ஒரு பொட்டலமும், அதைக் கைப்பற்றியதாகச் சாட்சிக் கையெழுத்தோடு எழுதும் ஒரு மகஜரும் போதும். இது மிரட்டுகிறவருக்கும் தெரியும், மிரட்டப்படுகிறவருக்கும் தெரியும்.

இதே ஊரில்தான், போதைப்பொருள் வழக்கில் ஒருவர் விடுதலையானால், "சட்டத்து ஓட்டையில தப்பிச்சுட்டான்" என்று கமெண்ட் போடுகிறோம். இந்த வழக்குகளை நடத்துகிறவன் என்ற முறையில் சொல்கிறேன், நீங்கள் ஓட்டை என்று நினைப்பது ஓட்டை இல்லை. அது கதவுக்குப் போட்ட தாழ்ப்பாள்.

1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டம் சாதாரணச் சட்டம் இல்லை. பிடிபட்ட பொருள் வணிக அளவு, அதாவது ஒவ்வொரு போதைப்பொருளுக்கும் வரையறுத்திருக்கிற பெரிய அளவு என்றால், குறைந்தது 10 ஆண்டு, அதிகபட்சம் 20 ஆண்டு சிறை. 37வது பிரிவு இருப்பதால் அந்த அளவுக்கு ஜாமீன் கிடைப்பது குதிரைக்கொம்பு. பொருள் உன்னிடம் இருந்தது என்று அரசுத் தரப்பு காட்டிவிட்டால், நீ குற்றவாளி இல்லை என்பதை நீதான் நிரூபிக்க வேண்டும் என்கின்றன 35, 54 பிரிவுகள். இவ்வளவு அதிகாரத்தையும் கையில் கொடுத்த அதே சட்டம், பிடிக்கிற அதிகாரியிடம் பதிலுக்குக் கேட்பது கொஞ்சம்தான். ரகசியத் தகவல் வந்தால் எழுதி வை, 72 மணி நேரத்துக்குள் மேலதிகாரிக்கு அனுப்பு. ஒருவரின் உடம்பைச் சோதிக்கும் முன், "மாஜிஸ்திரேட் முன்னாலோ கெஜட்டட் ஆபீசர் முன்னாலோ சோதிக்கச் சொல்லிக் கேட்க உனக்கு உரிமை உண்டு" என்று சொல். இதுதான் 50வது பிரிவு. ஏறத்தாழ செய்தோம், ஒப்பேற்றினோம் என்பதெல்லாம் செல்லாது, அப்படியே கடைப்பிடிக்க வேண்டும் என்று 2010இல் விஜய்சிங் ஜடேஜா வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது.

நடைமுறையில் இந்த உரிமை எப்படிச் சொல்லப்படுகிறது? நான் நடத்திய ஒரு வழக்கு. பீகாரிலிருந்து வந்த லாரி கிளீனரும் அவருடைய கூட்டாளியும். கிளீனரின் பேன்ட் பாக்கெட்டில் 260 கிராம் ஹெராயின் என்று கேஸ். வணிக அளவு 250 கிராமில் தொடங்குகிறது, அந்தப் பத்து கிராமைக் கவனியுங்கள். கேஸ் கட்டில் ஒரு சம்மதக் கடிதம் இருந்தது. அழகான தமிழ்க் கையெழுத்து. "எங்களுக்குள்ள உரிமையைத் தாங்கள் எடுத்துக் கூறினீர்கள். தங்கள் மீது நம்பிக்கை உள்ளதால் தாங்களே சோதனை செய்யலாம்." கீழே இரண்டு பேருடைய கையெழுத்தும் இந்தியில். தமிழில் ஓர் எழுத்துகூடத் தெரியாத இருவர், நடு ராத்திரியில் நெடுஞ்சாலை ஓரத்தில், அதிகாரி மேல் நம்பிக்கை வைத்து உரிமையை விட்டுக்கொடுத்தார்களாம். ஆளுக்கு ஒரு கடிதம்கூட இல்லை, ரெண்டு பேருக்கும் சேர்த்து ஒன்று. தனித்தனியாகத்தான் சொல்ல வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2014இலேயே, பர்மானந்த் வழக்கில் சொல்லியாகிவிட்டது. குறுக்கு விசாரணையில் "எந்த மொழியில் சொன்னீர்கள்?" என்று கேட்டேன். "அவர்களுக்குப் புரியும்படி சொன்னேன்" என்பது பதில். மகஜரில் கையெழுத்திட்ட சாட்சி, போட்டோம் என்பதைத் தவிர வேறெதுவும் தெரியாது என்றார்.

இன்னொரு விஷயம் மனதை அரிக்கிறது. 50வது பிரிவு உடம்புக்குத்தான், கையில் இருக்கும் பைக்கு இல்லை என்று பவன் குமார் வழக்கில் 2005இல் முடிவானது, 2023இலும் உச்ச நீதிமன்றம் அதையே உறுதி செய்தது. சட்டத்தின் சொற்களை வைத்துப் பார்த்தால் சரி என்றே சொல்லலாம். ஆனால் கஞ்சாவின் வணிக அளவு 20 கிலோ. 20 கிலோவை யார் இடுப்பில் கட்டிக்கொண்டு நடப்பார்கள்? பெரிய தண்டனை வருகிற கஞ்சா வழக்குகள் எல்லாமே மூட்டை, பை, வண்டி. அங்கே இந்தப் பாதுகாப்பு கிடையாது. உடம்பில் வைப்பதைவிடப் பக்கத்தில் ஒரு பையை வைப்பது எவ்வளவு சுலபம் என்று யோசித்துப் பாருங்கள்.

அப்புறம் ஒப்புதல் வாக்குமூலம். போலீசிடம் கொடுத்த ஒப்புதல் செல்லாது என்று 1872ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 25வது பிரிவிலேயே எழுதினான் வெள்ளைக்காரன். தன் போலீஸ் என்ன செய்யும் என்று அவனுக்கே தெரிந்திருந்தது. சுதந்திர இந்தியாவில் என்ன நடந்தது? போதைப்பொருள் தடுப்புப் பிரிவு அதிகாரி, சுங்க அதிகாரி எல்லாம் "போலீஸ்" இல்லை, அதனால் போதைப்பொருள் சட்டத்தின் 67வது பிரிவில் அவர்கள் எழுதி வாங்கியது செல்லும் என்றார்கள். 1990இல் ராஜ்குமார் கர்வால் வழக்கு அதற்கு வழி விட்டது. 2008இல் கன்னையாலால் வழக்கு, அந்த வாக்குமூலத்தை மட்டும் வைத்தே தண்டிக்கலாம் என்றது. கதவு சாத்திய அறையில் இரவெல்லாம் உட்கார வைக்கப்பட்டவனுக்கு, எதிரில் இருப்பவர் காக்கியா மஃப்டியா என்பதில் என்ன வித்தியாசம்?

2020 அக்டோபர் 29 அன்று தோஃபான் சிங் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் அது முடிவுக்கு வந்தது. நம் சென்னையில் தொடங்கிய வழக்கு. நீதிபதிகள் நாரிமன், நவீன் சின்கா இருவரும் அந்த அதிகாரிகளும் போலீஸ்தான், வாக்குமூலம் செல்லாது என்றார்கள். நீதிபதி இந்திரா பானர்ஜி மாறுபட்டார். அன்று எனக்கு மகிழ்ச்சி. ஆனால் அந்த முப்பது வருடத்தில் அப்படி ஒரு தாளை வைத்துத் தண்டிக்கப்பட்டு, பத்து வருடத்தையும் முழுசாகக் கழித்துவிட்டு வந்தவர்களுக்கு யார் பதில் சொல்வது?

2024 ஜூலை 1 முதல், புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 105வது பிரிவு சோதனையையும் கைப்பற்றுதலையும் வீடியோ எடுக்கச் சொல்கிறது. செல்போனிலேயே எடுக்கலாம். எடுக்கவில்லை என்றால் ஏன் என்று எல்லா நீதிமன்றங்களும் முதல் நாளிலேயே கேட்க வேண்டும் என்பது என் கோரிக்கை. சட்டவிரோதமாகச் சோதனை போடும் அதிகாரிக்கு போதைப்பொருள் சட்டத்தின் 58வது பிரிவு வைத்திருப்பது ஆறு மாதம் வரை சிறை அல்லது ஆயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். பிடிபட்டவனுக்குப் பத்து வருடம், பொய்யாய்ப் பிடித்தவனுக்கு ஆயிரம் ரூபாய். இதையும் மாற்ற வேண்டும்.

அந்தக் கிளீனர் மூன்று வருடத்துக்கும் மேல் உள்ளே இருந்துவிட்டு விடுதலையானார். தீர்ப்பு வந்த அன்று நீதிமன்ற வராந்தாவில் நின்றுகொண்டு, சிறையில் கற்றுக்கொண்ட தமிழில் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

"சார், அன்னைக்கு நான் கையெழுத்துப் போட்ட பேப்பர்ல என்ன எழுதியிருந்துச்சு?"