அலி அல் ஹப்ஸி: அந்தத் தீயணைப்பு வண்டியைக் கொஞ்சம் ஓரங்கட்டுவோம்

ஓமன் கால்பந்து என்று யார் பேச்செடுத்தாலும் கோல்கீப்பர் அலி அல் ஹப்ஸியின் ஒரே கதைதான் வரும். மஸ்கட் ஏர்போர்ட்டில் தீயணைப்பு வேலை பார்த்த பையன், இங்கிலாந்து போய், அந்நாட்டு கிளப்புகள் மோதும் எஃப்.ஏ. கோப்பையை ஜெயித்தான். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. முதல் பாதி உண்மை. இரண்டாம் பாதியும் ஏட்டளவில் உண்மை. ஆனால் அந்த 2013 இறுதியாட்டத்தில் ஹப்ஸி விளையாடவில்லை, பெஞ்சில் இருந்தார். அவருடைய கிளப்பான விகனின் வலையைக் காத்தவர் ஹோயெல் ரோப்லெஸ்.

இதைச் சொல்வது அவரைக் குறைக்க அல்ல. ஆடாத ஒரு மேட்சை நெற்றியில் ஒட்டிவிட்டு, உண்மையில் ஆடியதையெல்லாம் மறந்துவிடுகிறோம் என்கிற ஆதங்கம்தான். 2020ல் ஓய்வு பெற்றவரைப் பற்றி இன்றும் சுற்றுகிற பதிவுகளில் நார்வே என்ற சொல்லே வருவதில்லை. என் கணக்கில் அவர் வாழ்க்கையின் ஆகச் சரியான முடிவு நார்வே. ஆகப் பெரிய சேதம், இங்கிலாந்தின் போல்டன் கிளப்பில் பெஞ்சில் கழித்த காலம்.

அடிப்படையிலிருந்து வருவோம். மற்ற இடங்களில் ஆடுகிறவனுக்குப் பத்து வழி உண்டு. முன்வரிசை விங்கர் பின்வரிசை ஃபுல்பேக் ஆகலாம், கடைசி இருபது நிமிடம் இறங்கலாம். கோல்கீப்பருக்கு அணியில் ஒரே நாற்காலி. அதில் உட்கார்ந்திருப்பவர் எழுந்திருக்க வேண்டும், இல்லை காயம்பட வேண்டும். ஹப்ஸியின் பயணம் முழுக்க இந்த நாற்காலிக் கணக்குத்தான்.

1981 டிசம்பரில் பிறந்தவர். தொடங்கியது அல் முதைபி என்ற சிறிய கிளப்பில், பிறகு சலாலாவின் அல் நஸ்ர். அவரைக் கண்டெடுத்தவர் ஓமனில் கீப்பர்களுக்குப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்த ஜான் பர்ரிட்ஜ். இந்த பர்ரிட்ஜே தனிப்பதிவுக்குரிய ஆள். இங்கிலாந்தில் கிளப் கிளப்பாக மாறி, 43 வயதில் மான்செஸ்டர் சிட்டிக்காக, அங்கே உச்ச லீக்கான ப்ரீமியர் லீக்கில் கீப்பராக நின்ற மனிதர். பையனைப் பார்த்ததும் இங்கிலாந்துக்கு இழுத்துப்போகத்தான் பார்த்தார். 2003ல் போல்டனில் சோதனைப் பயிற்சியும் நடந்தது. நின்றது வொர்க் பெர்மிட்டில்.

அந்தக் கால விதி இது. ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து வரும் ஆட்டக்காரரின் நாடு, கடந்த இரண்டு ஆண்டுகளின் ஃபிஃபா தரவரிசைச் சராசரியில் முதல் 70க்குள் இருக்க வேண்டும். அதே இரண்டு ஆண்டுகளில் தன் நாட்டின் போட்டி ஆட்டங்களில் 75 சதவீதத்திலாவது அவர் ஆடியிருக்க வேண்டும். இரண்டாவதில் ஹப்ஸிக்குக் கவலையில்லை. முதலாவது அவர் கையில் இல்லை. ஓமன் மெல்ல மேலே ஏறிக்கொண்டிருந்தது, ஆனால் சராசரி என்பது பழைய பாவங்களையும் சேர்த்தே சுமக்கும். கீப்பர் எவ்வளவு கெட்டிக்காரனாக இருந்தாலும், தன் நாட்டு ஸ்ட்ரைக்கர் இரண்டு வருஷத்துக்கு முன் தவறவிட்ட கோலுக்கும் சேர்த்துக் காத்திருக்க வேண்டும்.

இந்த இடத்தில் ஒரு வளைகுடா ஆட்டக்காரர் வழக்கமாகச் செய்வது ஊர் திரும்புவது. அரசு வேலை இருக்கும், கூடவே கிளப் ஆட்டம், கொஞ்சம் பெயர் வந்தால் கத்தாரோ குவைத்தோ கூப்பிடும். ஹப்ஸி போனது ஓஸ்லோ நகரின் லின் கிளப்புக்கு. பணத்துக்காகவோ பெயருக்காகவோ யாரும் தேடிப்போகும் இடமல்ல அது. ஆனால் அங்கே நாற்காலி காலியாக இருந்தது. மூன்று சீசன்களில் அறுபதுக்கும் மேற்பட்ட லீக் ஆட்டங்கள். 2004ல் நார்வேயின் சிறந்த கோல்கீப்பருக்கான க்னிக்சன் விருது. 2005ல் லின் லீக்கில் மூன்றாம் இடம். அதே கிளப்பில்தான் அப்போது ஜான் ஓபி மிக்கேல் என்ற நைஜீரியப் பையனுக்காக மான்செஸ்டர் யுனைடெட்டும் செல்சியும் குடுமிப்பிடி சண்டை போட்டன. அந்த இரைச்சலில் ஓமன் கீப்பரை உலகம் கவனிக்கவில்லை என்பது வேறு விஷயம்.

நார்வேயில் இன்னொரு லாபம் உண்டு. யாரும் பேசாத லாபம், காலண்டர். அங்கே லீக் வசந்தத்தில் தொடங்கி இலையுதிர் காலத்தில் முடிந்துவிடும். குளிர்காலம் விடுமுறை. வளைகுடா நாடுகள் மோதும் வளைகுடாக் கோப்பை நடப்பதோ டிசம்பர், ஜனவரியில். 2003 டிசம்பரில் குவைத்தில் தொடங்கிய கோப்பை, 2004 டிசம்பரில் கத்தாரில் நடந்த கோப்பை, இரண்டுமே நார்வே விடுமுறைக்குள் கச்சிதமாக விழுந்தன. இரண்டிலும் சிறந்த கோல்கீப்பர் ஹப்ஸி. 2004 ஆகஸ்டில் ஓமன் 50வது இடம் வரை ஏறியது. 2006 ஜனவரியில் அதே போல்டன் கதவு திறந்தது.

திறந்த கதவுக்குள் யாஸ்கெலைனன் உட்கார்ந்திருந்தார்.

யுஸ்ஸி யாஸ்கெலைனன் அன்று ப்ரீமியர் லீக்கின் மிகச் சிறந்த கீப்பர்களில் ஒருவர். காயம் அபூர்வம், ஃபார்ம் சரிவு அதைவிட அபூர்வம். ஹப்ஸியின் முதல் ப்ரீமியர் லீக் ஆட்டம் 2008 மார்ச்சில்தான் வந்தது. சேர்ந்து இரண்டு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. எதிரணி விகன் என்பது விதியின் குசும்பு. அதற்கு முன் 2007 நவம்பரில் ஐரோப்பிய கிளப்புகளின் யூஈஎஃப்ஏ கோப்பையில் ஜெர்மனியின் பயர்ன் மூனிக் சொந்த மைதானத்தில் 2-2 டிரா செய்த போல்டன் அணியிலும் அவர்தான் கீப்பர். அந்த மாதிரி இரவுகள் இருந்தன, மறுக்கவில்லை. ஆனால் போல்டனில் அவர் ஆடிய லீக் ஆட்டங்கள் மொத்தம் பத்து. நான்கரை வருஷத்துக்குப் பத்து! 24 வயதில் வந்தவர், 28 வயதில் லோனில், அதாவது இரவலாக, வேறு கிளப்புக்கு வெளியேறினார்.

பெஞ்சில் இருப்பதில் என்ன கெட்டுவிடும், தினமும் பயிற்சி உண்டே என்று கேட்கலாம். ஷாட்டைத் தடுக்கும் கை மழுங்காது, அது பயிற்சியிலேயே கூர்மையாக இருக்கும். மழுங்குவது முடிவெடுக்கும் நேரம். ஓரத்திலிருந்து கிராஸ் வரும்போது கோல் கோட்டிலிருந்து வெளியே வருவதா நிற்பதா, டிஃபெண்டருக்கு எப்போது குரல் கொடுப்பது, அழுத்தம் கொடுத்து ஓடிவரும் ஆளைப் பார்த்துக்கொண்டே பேக் பாஸை எந்தக் காலில் வாங்குவது, இவையெல்லாம் மேட்சில் மட்டுமே ஊறும். பின்னாளில் ஹப்ஸி கொடுத்த மோசமான கோல்களில் பல, இந்த வகைத் தவறுகளில் வந்தவை. ரிஃப்ளெக்ஸில் அல்ல. அந்த நான்கு வருஷத்தை இன்னொரு நார்வேயில் ஆடியிருந்தால் என்ற எண்ணம் எனக்கு இன்றும் போகவில்லை.

அந்தப் பெஞ்சுக்கு ஒரு மறுபக்கமும் உண்டு. 2009 ஜனவரியில் வளைகுடாக் கோப்பை மஸ்கட்டில். அது ஃபிஃபா காலண்டருக்குள் வரும் போட்டியல்ல, வீரரை விட்டே ஆகவேண்டும் என்று கிளப்புக்குக் கட்டாயமில்லை. சீசனின் நடுவில் முதல் கீப்பரை எந்த ப்ரீமியர் லீக் கிளப்பும் சும்மா அனுப்பாது. இரண்டாம் கீப்பர் என்றால் சரி, போய் வா. அதாவது போல்டனில் நாற்காலி கிடைக்காததால்தான் ஓமனுக்கு அந்த மாதம் அவர் கிடைத்தார் என்றுகூட வாதிடலாம். க்ளோட் லெ ராய் பயிற்சியில் ஐந்து ஆட்டங்கள். குவைத்துடன் 0-0, ஈராக்கை 4-0, பஹ்ரைனை 2-0, அரையிறுதியில் கத்தாரை 1-0. சுல்தான் காபூஸ் மைதானத்தில் சவூதியுடன் இறுதியாட்டம் கோலின்றி முடிந்து, பெனால்டி ஷூட்அவுட்டில் ஓமனுக்கு 6-5 வெற்றி. போட்டி முழுக்க ஆட்ட நேரத்தில் ஓமன் வாங்கிய கோல் பூஜ்யம். 2004ல் கத்தாரிடம், 2007ல் எமிரேட்ஸிடம் என்று அடுத்தடுத்த இரண்டு இறுதிகளில் தோற்ற அணி அது. ஹப்ஸிக்குத் தொடர்ந்து நான்காவது முறையாகச் சிறந்த கோல்கீப்பர் பட்டம். இந்த நான்குக்கு முன்னால் எஃப்.ஏ. கோப்பைப் பதக்கம் எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை.

விகன் கதைக்கு வருவோம். 2010 ஆகஸ்ட். ராபெர்டோ மார்டினெஸின் அணி முதல் இரண்டு ஆட்டங்களில், சொந்த மைதானத்திலேயே, பிளாக்பூலிடம் 0-4, செல்சியிடம் 0-6. இரண்டு ஆட்டத்தில் பத்து கோல். வலையில் நின்ற கிறிஸ் கிர்க்லண்டை உட்காரவைத்து, லோனில் வந்த ஹப்ஸியை டாட்டன்ஹாம் மைதானத்தில் இறக்கினார்கள். 1-0 வெற்றி, ரோடயேகா கோல். அதற்குப் பிறகு நாற்காலி கைமாறவே இல்லை. கடைசி நாளில் ஸ்டோக்கை 1-0 என்று வென்று, கீழ் லீக்குக்கு இறங்காமல் விகன் தப்பியது. ரசிகர்கள் தேர்ந்தெடுத்த அந்த வருட வீரர் ஹப்ஸி. 2011ல் விகன் காசு கொடுத்தே வாங்கிக்கொண்டது. 2011-12ல் 38 ஆட்டங்களிலும் அவர்தான். மான்செஸ்டர் யுனைடெட்டை வென்று, சில நாளில் ஆர்சனலை அவர்கள் மைதானத்திலேயே வென்று, நியூகாசிலை 4-0 என்று அடித்த அந்த ஏப்ரல் மாதம் விகன்காரர்களுக்குத் திருவிழா.

இந்தக் காலத்தில்தான் பெனால்டி தடுப்பவர் என்ற பெயர் நிலைத்தது. அதைப் பலர் அதிர்ஷ்டம் என்கிறார்கள். கணக்கைப் பாருங்கள். பந்துக்கும் கோட்டுக்கும் 11 மீட்டர். மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் அடித்தால் 0.4 விநாடியில் வலை. நடுவில் நிற்கும் கீப்பருக்கு இரு பக்கமும் 3.66 மீட்டர். பந்து கிளம்பியதைப் பார்த்த பிறகு தாவினால் மூலைக்குப் போய்ச் சேர முடியாது. ஆக, காலடி பந்தில் படும் முன்பே முடிவு எடுத்தாக வேண்டும். எதைப் பார்த்து? உதைக்காத காலின் பாதம் எந்தப் பக்கம் திரும்பி ஊன்றுகிறது, இடுப்பு திறக்கிறதா மூடுகிறதா என்பதை. அது தெரிவதே உதைக்குச் சற்று முன்னால்தான். அதற்குள் கீப்பர் தன் எடையை ஒரு காலுக்கு மாற்றிவிட்டால் தீர்ந்தது, நின்று நிதானித்து அடிப்பவர் எதிர்ப்பக்கம் உருட்டிவிட்டுப் போவார். உயரமான கீப்பருக்கு இங்கேதான் சலுகை. 1.94 மீட்டர் ஆள் ஒரே உந்தலில் அதிக தூரம் எட்டுவார், அதனால் ஒரு கணம் கூடுதலாகப் பொறுக்கலாம். அந்தப் பொறுமைதான் ஹப்ஸியின் சொத்து. ஒரு காலாவது கோட்டில் இருந்தால் போதும் என்ற சலுகை 2019ல்தான் விதியில் வந்தது, அவர் நல்ல காலமெல்லாம் முடிந்த பிறகு.

2011 டிசம்பரில் லிவர்பூலின் சார்லி ஆடம் அடித்ததைத் தடுத்தார், ஆட்டம் 0-0. 2012 செப்டம்பரில் ஓல்ட் டிராஃபோர்டில் ஆட்டம் சூடு பிடிக்கும் முன்பே ஹவியர் ஹெர்னாண்டஸ் அடித்ததையும் தடுத்தார். அந்த ஆட்டம் 0-4 தோல்வி. கீப்பர் தொழிலின் நியாயம் அப்படி.

2012-13 சறுக்கல். கீப்பரிலிருந்தே ஆட்டத்தைக் கட்டவேண்டும் என்பவர் மார்டினெஸ். கால் வேலையில் வரும் சிறு பிசகும் அந்த முறையில் கோலாக முடியும். முன்னே டிஃபென்ஸும் காயங்களால் கலைந்து கிடந்தது. ஸ்பெயினின் அட்லெட்டிகோவிலிருந்து லோனில் ரோப்லெஸ் வந்தார், கோப்பை ஆட்டங்கள் அவருக்கு, வசந்தத்தில் லீக்கும் அவருக்கு. மே 11 வெம்ப்ளியில் கோப்பை, மூன்றே நாளில் ஆர்சனலிடம் 1-4 தோற்று ரெலிகேஷன், அதாவது கீழ் லீக்குக்கு இறக்கம். கோப்பையும் வென்று அதே சீசனில் கீழிறங்கிய முதல் அணி. கோடையில் ஹப்ஸிக்குத் தோள்பட்டை அறுவை. கீப்பருக்குத் தோள் என்பது ஓட்டக்காரனுக்கு முழங்கால் மாதிரி, குணமானாலும் முழு நீளத்துக்குத் தாவ மனசு யோசிக்கும். அதற்குள் ஸ்காட் கார்ஸன் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

பலர் கதையை இங்கேயே முடித்துவிடுகிறார்கள். எனக்குப் பிடித்ததே இனிமேல்தான். 2015ல் ரெடிங் கிளப். 2016-17ல் யாப் ஸ்டாம் பயிற்சியில் அந்த அணி, ப்ரீமியர் லீக்குக்கு அடுத்த படியான சாம்பியன்ஷிப்பில் 85 புள்ளிகளோடு மூன்றாம் இடம். கோல் வித்தியாசம் எவ்வளவு தெரியுமா? வெறும் +4. அடித்தது 68, வாங்கியது 64. ஒரு கோல் வித்தியாசத்தில் வென்ற ஆட்டங்கள் குவிந்தால்தான் இப்படி வரும். அப்படிப்பட்ட அணியில் கீப்பர் தடுக்கும் ஒவ்வொன்றும் புள்ளி. தொடர்ந்து இரண்டு வருஷம் அந்தக் கிளப்பின் சிறந்த வீரர் அவர். 35 வயதில்!

பிறகு அல் ஹிலால். சவூதி லீக் வெளிநாட்டுக் கீப்பர்களுக்கு இருந்த தடையை நீக்கிய முதல் சீசன் அது, 2017-18ல் பட்டமும் கிடைத்தது. கடைசியில் வெஸ்ட் ப்ராமில் ஒரு வருஷம், ஒரு லீக் ஆட்டம்கூட இல்லாமல். திரும்பவும் பெஞ்ச்.

ஓமனில் ஏன் இரண்டாவது ஹப்ஸி வரவில்லை என்று கேட்பவர்களுக்கு: திறமை இல்லாமல் இல்லை. அவர் தலைமுறையிலேயே இமாத் அல் ஹோஸ்னி பெல்ஜியத்தின் ஷார்லெர்வா வரை போய்வந்தார். 2018 ஜனவரியில் குவைத்தில் ஓமன் இரண்டாம் முறை வளைகுடாக் கோப்பை வென்றபோது, எமிரேட்ஸின் உமர் அப்துல்ரஹ்மானின் பெனால்டியை ஆட்ட நேரத்தில் ஒருமுறை, ஷூட்அவுட்டில் ஒருமுறை என்று இரண்டு தரம் தடுத்தவர் ஓமன் கீப்பர் ஃபாயிஸ் அல் ருஷைதி. கை இருக்கிறது. இருபது வயதில் ஊரைவிட்டுப் போய், குளிரில், பெயர் தெரியாத கிளப்பில், வாராவாரம் ஆடும் அந்த இடைப்படிதான் இல்லை. இங்கிலாந்தோ 2015லேயே வொர்க் பெர்மிட்டுக்கான அந்த 70ஐ 50 ஆக்கிக் கதவை இன்னும் இறுக்கிவிட்டது.

மைதானத்துக்கு வெளியே அவர் பெயர் ஓமனில் அதிகம் அடிபட்டது சாலைப் பாதுகாப்பு விஷயத்தில். விபத்துகளால் அலைக்கழிந்த நாட்டில் அதற்காக ஓர் அமைப்பையே தொடங்கி நடத்தியவர்களில் அவரும் ஒருவர். மஸ்கட்டில் வண்டி ஓட்டும் நம் ஆட்களுக்கு அதன் அருமை புரியும்.

வீடியோ தேடுபவர்கள் எஃப்.ஏ. கோப்பையைத் தேடாதீர்கள், அவர் அதில் இல்லை. 2010 ஆகஸ்ட் டாட்டன்ஹாம் ஆட்டம், 2009 மஸ்கட் இறுதி, கடைசியாக 2017 மே 29 வெம்ப்ளி பாருங்கள். ப்ரீமியர் லீக் இடத்துக்கான ப்ளேஆஃப் இறுதி, ஹட்டர்ஸ்ஃபீல்டுடன் 0-0, ஷூட்அவுட். ஹட்டர்ஸ்ஃபீல்டின் ஹெஃபெலே அடித்ததை ஹப்ஸி தடுத்துவிட்டார். ரெடிங் முன்னிலை. பிறகு ரெடிங்கின் லியாம் மூர் பந்தைக் கம்பத்துக்கு மேலே அனுப்பினார், ஒபிடா அடித்ததை எதிர்க் கீப்பர் பிடித்துவிட்டார், 4-3 என்று போய்விட்டது.