மிட்வேயோடு முடியவில்லை

இரண்டாம் உலகப் போரில், 1942 ஜூனில் பசிபிக்கின் மிட்வே தீவருகே அமெரிக்காவுடன் நடந்த சண்டையில் நான்கு விமானந்தாங்கிகளை இழந்ததோடு ஜப்பான் கடற்படை ஒடிந்துபோனது என்று ஒரு கட்டுரையாளர் எழுதியிருப்பது அவசரத் தீர்ப்பு. இரண்டே மாதத்தில், ஆகஸ்ட் 9 பின்னிரவில், அமெரிக்கப் படை இறங்கியிருந்த தென் பசிபிக் தீவான குவாடல்கனாலை ஒட்டிய சாவோ தீவருகே, ஜப்பானியத் தளபதி மிகாவாவின் குரூசர்கள் (பெரிய போர்க்கப்பல்கள்) நேச நாடுகளின் நான்கு கனரக குரூசர்களைச் சாய்த்தன. ஆயிரம் பேருக்கு மேல் பலி. ரேடார் இல்லாமலேயே இரவில் சண்டைபோடும் பயிற்சியும், ஆக்சிஜனில் ஓடும் நெடுந்தூர டார்பிடோவும் (நீருக்கடியில் பாய்ந்து கப்பலைத் தாக்கும் குண்டு) ஜப்பானியரிடம் இருந்தன.

ஆனால் மிகாவா, குவாடல்கனாலில் இறங்கிய அமெரிக்கப் படைக்குப் பொருள் கொண்டுவந்து கரையோரம் நின்ற சரக்குக் கப்பல்களைத் தொடாமலே திரும்பினார். விடிந்தால் அமெரிக்க விமானங்கள் வரும் என்ற பயம். அமெரிக்க விமானந்தாங்கிகளோ அப்போதே விலகிப் போய்க்கொண்டிருந்தன! என்னைக் கேட்டால் பெரிய திருப்பம் அதுதான்.

பிறகு குவாடல்கனாலில் இருந்த ஹெண்டர்சன் விமானத்தளம் அமெரிக்கர் கையில் இருந்ததால் பகலில் ஜப்பானியக் கப்பல்கள் நெருங்க முடியவில்லை. இரவோடிரவாக டெஸ்ட்ராயரில் (வேகமான சிறிய போர்க்கப்பல்) ஆட்களை இறக்கலாம். அரிசியும் பீரங்கியும் எவ்வளவு ஏற்ற முடியும்? கடைசியில் டிரம்களில் உணவை அடைத்துக் கடலில் தள்ளிவிட்டுப் போனார்கள். பசியும் மலேரியாவும் ஆயிரக்கணக்கில் ஜப்பானியச் சிப்பாய்களைத் தின்றன. 1943 பிப்ரவரியில் மிஞ்சிய பத்தாயிரத்துச் சொச்சம் பேரை மீட்டதும் அதே டெஸ்ட்ராயர்கள்தான். இதைப் பற்றிக் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லையே, ஏன்?