சும்மா உதைத்துவிட்டு ஓரமாக உட்காரும் வேலை இல்லை அது

அந்த ரீல் இரண்டு நாளாக எல்லார் பக்கத்திலும் ஓடிக்கொண்டிருக்கிறது. எதைச் சொல்கிறேன் என்று உங்களுக்கே தெரியும். 2015-இல் நடந்த மிச்சிகன் - மிச்சிகன் ஸ்டேட் கல்லூரி அமெரிக்கன் ஃபுட்பால் ஆட்டத்தில், மிச்சிகனின் பன்டர் (பந்தைக் கையிலிருந்து விட்டு எதிரணிப் பக்கம் உதைத்து அனுப்புகிறவர்) பந்தைத் தவறவிட்டு ஆட்டமே கைமாறிய கடைசிப் பத்து வினாடியை வெட்டியெடுத்து, சிரிப்புச் சத்தம் சேர்த்து, "ஆஸ்திரேலியாவிலிருந்து வரவழைத்த ஆளுக்குப் பந்தைப் பிடிக்கவே தெரியாது" என்று மேலே எழுதியிருக்கிறார்கள். தெரியாமல் சிரிப்பவர்கள் சிரித்துவிட்டுப் போகட்டும். நான் பெரிதும் மதிக்கிற, விளையாட்டு பற்றி நாலு விஷயம் தெரிந்த இரண்டு பேர் அதைப் பகிர்ந்து, "ஓடவும் தெரியாது, மோதவும் தெரியாது, ஆட்டத்துக்கு நாலு தடவை உதைக்க முழு ஸ்காலர்ஷிப்பா?" என்று எழுதியிருப்பதுதான் மனதைக் குத்துகிறது.

ஒரே விஷயத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். உதைக்கத் தெரியும் என்பதால் மட்டும் ஓர் ஆஸ்திரேலியப் பையன் அமெரிக்கக் கல்லூரி அணியில் பன்டராக நின்றுவிட முடியாது. சின்ன வயதிலிருந்து காலில் ஊறிப்போன உதையில் பாதியை மறந்துவிட்டு, இன்னொரு உதையை அடியிலிருந்து பழக வேண்டும். அந்த மறதிதான் கடினமான வேலை.

ஆஸ்திரேலிய ஃபுட்பாலில் உதை என்பது பாஸ். ஓடிக்கொண்டே, முன்னால் ஓடும் சொந்த ஆளின் நெஞ்சுக்கு நேராக, தாழ்வாக, வேகமாக அனுப்ப வேண்டும். எவ்வளவு தாழ்வாகப் போகிறதோ அவ்வளவு நல்லது, எதிராளி குறுக்கே வர நேரம் கிடைக்காது. அமெரிக்கன் ஃபுட்பாலில் பன்ட் அதற்கு நேர் எதிர். பத்து யார்டு முன்னேற ஓர் அணிக்கு நாலு வாய்ப்பு, ஒவ்வொன்றும் ஒரு டவுன். நாலாவது டவுனில் பந்தை எதிரணிக்கே கொடுக்கிறோம். பிடிக்கப்போகிறவன் எதிராளி. ஆகவே பந்து காற்றில் நிற்க வேண்டும், நம் ஆட்கள் அவனை நெருங்கும் வரை. 45 யார்டு உதைத்தால் ஹேங் டைம், அதாவது பந்து காற்றில் இருக்கும் நேரம், 4.5 வினாடி இருக்க வேண்டும் என்பது கோச்சுகள் வைத்திருக்கும் பொதுக் கணக்கு. 55 யார்டு தூரம் 3.8 வினாடியில் போய் விழுந்தால் டிவியில் பார்க்க அருமையாக இருக்கும். ஆனால் ரிட்டர்னர், அதாவது பந்தைப் பிடிக்கும் எதிராளி, தனியாக நின்று பிடித்து, நிமிர்ந்து பார்த்து, வழி தேர்ந்தெடுத்து இருபது யார்டு திரும்ப ஓடிவந்துவிடுவான். நிகரம் 35தான். மெல்பர்னிலிருந்து வந்தவனின் முதல் மாத உதைகள் பெரும்பாலும் இந்த ரகம்: தூரம் இருக்கும், உயரம் இருக்காது.

பந்தும் வேறு. அங்கே ஆடும் ஷெரின் பந்தின் முனைகள் மழுங்கி இருக்கும், எடை 450 முதல் 500 கிராம். அமெரிக்கப் பந்து 400 கிராமுக்குச் சற்று முன்பின்தான், முனைகள் கூர்மை, காற்றழுத்தமும் அதிகம், 12.5 முதல் 13.5 பிஎஸ்ஐ. கால் சரியாகப் பட வேண்டிய இடம் சின்னது. கொஞ்சம் விலகினாலும் பந்து மன்னிக்காது.

இனி அந்த உதையைக் கிட்டே போய்ப் பாருங்கள். பந்தைக் கால்களுக்கு இடையே பின்னால் எறிந்து கொடுக்கிறவர் ஸ்னாப்பர், அந்த எறிதல்தான் ஸ்னாப். ஸ்னாப்பருக்குப் பின்னால் 14, 15 யார்டில் பன்டர் நிற்கிறான். ஸ்னாப் வந்து சேர 0.8 வினாடி. கையில் பட்டதிலிருந்து காலில் படும் வரை 1.2, மிஞ்சினால் 1.3. மொத்தம் இரண்டு வினாடியைத் தொடும்போது பந்து போயிருக்க வேண்டும். அந்த 1.2 வினாடிக்குள் பந்தைத் திருப்பித் தையல் மேலே வரும்படி பிடிக்க வேண்டும். வலது காலால் உதைப்பவனென்றால் வலது கை பந்தின் பின்பக்கம், மூக்கு, அதாவது முன்முனை, லேசாக இடது உள்பக்கம் திரும்பி, லேசாகக் கீழே சாய்ந்து. வலது காலில் ஒரு குட்டி அடி, இடது காலில் ஒரு நீண்ட அடி, அவ்வளவுதான் இடம். ஆஸ்திரேலியாவில் ஐந்தாறு அடி ஓடி வந்து உதைத்துப் பழகியவன் அதே பழக்கத்தில் ஓடினால் பந்து எதிராளியின் கையில் மோதித் திரும்பும்.

எல்லாவற்றையும் விட முக்கியம் கையிலிருந்து விடுவது. இடுப்பு உயரத்தில், உதைக்கும் காலுக்கு நேராக, எறியாமல், தூக்கிப் போடாமல், பிடித்த கோணத்திலேயே பந்து கீழே இறங்க வேண்டும். மூக்கு தூக்கிக்கொண்டால் ஸ்பைரல், அதாவது பந்தின் சீரான சுழற்சி, போச்சு, பந்து தள்ளாடி இருபத்தைந்து யார்டில் விழும். உள்பக்கம் விழுந்தால் குறுக்கே வளைந்து போகும். எட்டி விழுந்தால் தாழ்வாகப் பறக்கும், உடம்பை ஒட்டி விழுந்தால் நேரே மேலே போய்ப் பக்கத்திலேயே இறங்கும். கெட்டுப்போன பன்ட் பத்தில் எட்டு காலில் கெடுவதில்லை என்பது என் கருத்து, கையில்தான் கெடுகிறது. வலை முன்னால் நின்று பந்தே உதைக்காமல் வெறுமனே விட்டு விட்டுப் பார்க்கும் பயிற்சி ஒன்று இருக்கிறது. நூற்றுக்கணக்கில் செய்வார்கள். அதையெல்லாம் யாரும் ரீல் போடுவதில்லை.

2007-இல் மெல்பர்னில் நேதன் சாப்மன் தொடங்கிய புரோகிக் ஆஸ்திரேலியா என்ற பயிற்சிக்கூடம் செய்வது இந்த வேலையைத்தான். பிரிஸ்பேன் லயன்ஸ் என்ற ஆஸ்திரேலிய ஃபுட்பால் அணியில் ஆடியவர், அமெரிக்கத் தொழில்முறை லீக்கான என்எஃப்எல்லின் கிரீன் பே பேக்கர்ஸில் இடம் பிடிக்க முயன்று கிடைக்காமல் திரும்பியவர். எங்கே இடிக்கிறது என்று அவருக்கு நன்றாகத் தெரியும். விளைவைப் பாருங்கள். கல்லூரியின் சிறந்த பன்டருக்கான ரே கை விருது: 2013 டாம் ஹார்ன்சி, 2014-லும் 2015-லும் டாம் ஹேக்கெட், 2016 மிட்ச் விஷ்னவ்ஸ்கி, 2017 மைக்கேல் டிக்சன், 2019 மேக்ஸ் டஃபி, 2022 ஆடம் கோர்சாக், 2023 டோரி டெய்லர். பதினோரு வருடத்தில் எட்டு. விஷ்னவ்ஸ்கி பெர்த்தில் கண்ணாடி பொருத்தும் வேலை பார்த்தவர். இவர்கள் எல்லாருமே ஓசியில் வந்து உட்கார்ந்தார்களா?

"அப்படியென்றால் மறந்தால் போதுமே, ஆஸ்திரேலியன் எதற்கு, அமெரிக்கப் பையனே கற்றுக்கொள்ளலாமே" என்று கேட்பீர்கள். கற்றுக்கொள்கிறார்கள், நன்றாகவும் உதைக்கிறார்கள். ஆனால் மறக்காமல் கையோடு கொண்டுவந்த மீதிப் பாதி இருக்கிறதே, அது அங்கே இல்லாமல் இருந்தது. மைதானத்தின் நடுவிலிருந்து உதைக்கும்போது பந்து எதிரணியின் கோல் கோட்டைத் தாண்டினால் டச்பேக், எதிரணி 20 யார்டு கோட்டிலிருந்து சுகமாகத் தொடங்கும். ஆஸ்திரேலிய ஃபுட்பாலின் வழக்கமான உதையான டிராப் பன்டில் பந்தைச் செங்குத்தாக விட்டுக் கீழ் முனையில் உதைப்பதால் அது பின்னோக்கிச் சுழன்றுகொண்டே போகும். விழுந்ததும் முன்னோக்கிய வேகம் செத்து, மேலே எகிறும், சில நேரம் பின்னால் திரும்பும். ஐந்து யார்டில் நின்றுவிடும் பந்துக்கும் 20-இல் வைக்கப்படும் பந்துக்கும் உள்ள வித்தியாசம் எதிரணியின் தாக்குதலையே மாற்றிவிடும். கோர்சாக் 2021 பருவம் முழுவதும் ஒரு டச்பேக் கூடக் கொடுக்கவில்லை. டிக்சன் 2017 டெக்ஸஸ் பவுல் ஆட்டத்தில் 11 முறை உதைத்தார், 10 முறை பந்து 20 யார்டு கோட்டுக்குள் அடங்கியது. ஆட்ட நாயகன் விருது பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவார்ட்டர்பேக்குக்குப் போகவில்லை, அவருக்குத்தான் வந்தது.

"மோதத் தெரியாது." இதற்கும் சொல்கிறேன். நின்ற இடத்தில் உதைக்கும் பன்டரை மோசமாக இடித்தால் 15 யார்டு அபராதம், கூடவே ஃபர்ஸ்ட் டவுன், அதாவது உதைத்த அணிக்கே மறுபடி நாலு வாய்ப்பு. ஆனால் ரக்பி பாணியில் பக்கவாட்டில் ஓடிக்கொண்டே உதைக்கிறார்களே, அப்போது டேக்கிள் பாக்ஸ் என்ற எல்லையைத் தாண்டிவிட்டால் கல்லூரி விதியில் அந்தப் பாதுகாப்பே கிடையாது. நூறு கிலோவுக்கு மேல் இருக்கிறவன் முழு வேகத்தில் வந்து விழலாம். தெரிந்தேதான் ஓடுகிறான். ஏன்? கல்லூரி விதியில் ஸ்னாப் ஆனவுடனேயே எல்லாரும் முன்னால் ஓடலாம், என்எஃப்எல்லில் உதைக்கும் வரை ஓரத்து ஆட்கள் இருவர்தான் போகலாம். பன்டர் ஒரு வினாடி கூடுதலாகப் பந்தை வைத்திருந்தால் அவனுடைய ஆட்கள் இன்னும் எட்டு யார்டு போய்விடுவார்கள். அந்த ஒரு வினாடியைத் தன் விலா எலும்பைப் பணயம் வைத்து வாங்கிக் கொடுக்கிறான்.

சரி, அந்த ரீலுக்கே வருகிறேன். 2015 அக்டோபர் 17. பிளேக் ஓ'நீல். மிச்சிகன் 23-21 முன்னிலை, பத்து வினாடி பாக்கி, நாலாவது டவுன். அதே ஆட்டத்தில் கொஞ்ச நேரம் முன்பு 80 யார்டு பன்ட் அடித்தவர் அவர். அது உங்கள் ரீலில் இல்லை. மிச்சிகன் ஸ்டேட் பந்தைப் பிடிக்கப் பின்னால் ஒருவரையும் நிறுத்தவில்லை, எல்லாரையும் முன்னால் அனுப்பிவிட்டது. ரிட்டர்னரே இல்லாதபோது மிச்சிகனின் ஓரத்து ஆட்கள் இன்னும் ஓரத்திலேயே நின்றார்கள், உள்ளே இழுத்துக் காவலைக் கூட்டவில்லை. அது பன்டர் எடுக்கும் முடிவு இல்லை. ஸ்னாப் தாழ்வாக வந்தது. கையில் தடுமாறி விழுந்தது. எடுத்தார், உதைக்கப் பார்த்தார், இடித்தார்கள், பந்து எகிறி ஜேலன் வாட்ஸ்-ஜாக்சன் கையில் விழுந்தது, 38 யார்டு ஓடினார், நேரம் முடிந்தது, 27-23.

பந்தின் மேல் விழுந்து படுத்திருந்தால் போதும், எதிரணிக்குச் சில வினாடிதான் மிஞ்சியிருக்கும். சோபாவில் உட்கார்ந்து பார்க்கும் நமக்கு அது பளிச்சென்று தெரிகிறது. ஆஸ்திரேலிய விதியை நினைத்துப் பாருங்கள். அங்கே பந்தின் மேல் விழுந்து இழுத்து அணைத்துக்கொண்டு மாட்டினால் உன் மேல்தான் குற்றம், ஃப்ரீ கிக் எதிரணிக்கு. நழுவிய பந்தை எப்பாடுபட்டாவது எடுத்து, எத்தனை பேர் மேலே விழுந்தாலும் காலில் வைத்து வெளியே தள்ளு என்றுதான் எட்டு வயதிலிருந்து சொல்லி வளர்க்கிறார்கள். அந்த நொடியில் அவருடைய உடம்பு செய்தது அதைத்தான் என்று நான் நம்புகிறேன். பயிற்சியில் எதை மறந்தாலும் இருபதாயிரம் உதைகளுக்கு அடியில் படிந்துகிடக்கும் அந்தப் பழக்கம் நெருக்கடியில் மேலே வந்துவிடும். அன்று இரவு அவருக்குக் கொலை மிரட்டல் வரை வந்தது. பல்கலைக்கழகத்தின் விளையாட்டு இயக்குநரே ரசிகர்களை நிதானப்படுத்தத் திறந்த மடல் எழுத வேண்டியிருந்தது. இத்தனை வருடம் கழித்து நாம் அதற்குச் சிரிப்புச் சத்தம் சேர்க்கிறோம். குவார்ட்டர்பேக் மூன்று முறை பந்தை எதிராளி கையில் கொடுத்தால் "அடுத்த வாரம் திரும்பி வருவார்" என்கிறோம். பன்டருக்கு மட்டும் ஒரு தடவை போதும், ஆயுசுக்கும்.

வயது பற்றிக் கேட்டவர்களுக்கு. 23 வயதில் போய் 18 வயதுப் பையன்களோடு ஆடுவது நியாயமா என்பதில் கொஞ்சம் நியாயம் இருக்கிறது, மறுக்கவில்லை. டெய்லர் 2020-இல் அயோவா பல்கலைக்கழகத்துக்குப் போனபோது அவருக்கு 23 வயது. டஃபி கல்லூரிக்கு வரும் முன், ஆஸ்திரேலியாவின் தொழில்முறை லீக்கான ஏஎஃப்எல்லின் ஃப்ரீமேன்டில் அணியின் பட்டியலில் இருந்தவர். ஆனால் அமெரிக்கக் கல்லூரி விளையாட்டை நடத்தும் என்சிஏஏவின் விதி தெளிவானது: ஒரு விளையாட்டில் தொழில்முறையாக இருந்தவர் இன்னொன்றில் கல்லூரி வீரராக ஆடலாம். பிரிகம் யங் பல்கலைக்கழகத்தில் இரண்டு வருடம் மதப் பணிக்குப் போய்த் திரும்பி 24, 25 வயதில் ஆடுகிறவர்கள் எத்தனையோ பேர், அவர்களை யாரும் கிழவன் என்பதில்லை. போதும், இதற்கு மேல் இந்தக் கேள்வியில் ஒன்றுமில்லை.

"அமெரிக்கப் பையனின் இடத்தைப் பறிக்கிறார்கள்" என்பதுதான் என்னால் தாங்க முடியாதது. 2023 அயோவாவை எடுங்கள். தாக்குதல் அணி யார்டு கணக்கில் நாட்டிலேயே கடைசி இடம். அந்த அணி பத்து ஆட்டம் ஜெயித்தது. எப்படி? தடுப்பு அணி, அதோடு டோரி டெய்லர். 93 பன்ட், 4,479 யார்டு. 1938-இலிருந்து நின்ற ஒரு பருவச் சாதனை உடைந்தது. கல்லூரி வீரர்களை என்எஃப்எல் அணிகள் வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் சிகாகோ பேர்ஸ் அவரை நாலாவது சுற்றில் எடுத்தது. "பன்டிங் இஸ் வின்னிங்" என்று அவருக்காக டி-ஷர்ட் போட்டார்கள், அயோவாவில் நன்றாக விற்றது. 2021 ஜூலை முதல் கல்லூரி வீரர்கள் தங்கள் பெயரை வைத்துச் சம்பாதிக்கலாம், மற்ற வீரர்கள் விளம்பரங்கள் வரை போனார்கள். டெய்லர் இருந்தது மாணவர் விசாவில். எஃப்-1 விசாக்காரர் கல்லூரிக்கு வெளியே வேலை பார்க்கக் கூடாது, விளம்பரத்துக்குக் காசு வாங்கினால் விசாவே போகலாம். டி-ஷர்ட் பணம் குழந்தைகள் கருவிலேயே இறந்துபோவதைத் தடுக்கப் பாடுபடும் ஒரு தொண்டு அமைப்புக்குப் போனது.

2025 ஜூலையிலிருந்து கல்லூரிகளே வீரர்களுக்கு நேரடியாக வருமானத்தில் பங்கு கொடுக்கலாம் என்று வந்துவிட்டது. அதிலும் எஃப்-1 பையன் வக்கீலைக் கேட்டுத்தான் கை நீட்ட வேண்டும். அதே லாக்கர் ரூம், அதே காலை ஆறு மணிப் பயிற்சி. பக்கத்தில் நிற்கும் ஸ்னாப்பர் காசு வாங்கலாம், பந்தைப் பிடித்து உதைக்கிறவன் வக்கீலைக் கேட்காமல் வாங்க முடியாது. இதில் யார் யாருடைய பங்கைப் பறித்தார்கள் என்று அந்த இரண்டு பேரும் எனக்குச் சொல்லட்டும்.