முதல் ஷிஃப்ட் பஸ்

வாலாஜாபாத் பக்கம் எங்கள் ஊர். விடியற்காலை ஐந்து மணிக்கு வாக்கிங் கிளம்பினால் பஸ் ஸ்டாப்பில் கூட்டம் நிற்கும். ஒரு காலத்தில் அந்த நேரத்துக்குப் பால்காரரையும், கழனிக்குத் தண்ணீர் பாய்ச்சப் போகிறவர்களையும்தான் பார்க்கலாம். இப்போது நிற்பவர்கள் பெரும்பாலும் பெண்கள். கழுத்தில் கம்பெனி அட்டை, தோளில் சாப்பாட்டுப் பை, இன்னும் காயாத தலைமுடி. ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் போகிற கம்பெனி பஸ்ஸுக்காக நிற்கிறார்கள். ஆறு மணிக்கு முதல் ஷிஃப்ட்.

இந்தியாவில் தொழிற்சாலைகளில் வேலை பார்க்கும் பெண்களில் சுமார் 40 சதவீதம் பேர் தமிழ்நாட்டில்தான் இருக்கிறார்கள். எனக்கு அதில் ரொம்பப் பெருமை. எங்கள் தெருவில் இரண்டு வீட்டுக்குத் தளம் போட்டதும், ஒரு தங்கை காலேஜ் முடித்ததும் இந்தச் சம்பளத்தில்தான்.

ஆனால் ஆறே முக்காலுக்கு இன்னொரு பஸ் வரும். இரவு ஷிஃப்ட் முடித்தவர்களை இறக்கிவிடும். போன வாரம் அப்படி இறங்கி வந்த ஒரு பெண், பையைத் திண்ணையில் வைத்த கையோடு துடைப்பத்தை எடுத்தார். வாசல் கூட்டி, தண்ணீர் தெளித்து, கோலம் போடக் குனிந்தார். கழுத்து அட்டை மாவில் புரண்டது. முதுகுப் பக்கம் தள்ளிவிட்டுக்கொண்டு மிச்சப் புள்ளிகளை வைத்தார். வீட்டுக்காரர் அதே திண்ணையில் போன் பார்த்துக்கொண்டிருந்தார்.

"கொஞ்சம் படுக்கக் கூடாதாம்மா?" என்றேன்.

"பசங்களை அனுப்பிட்டுப் படுத்துக்கிறேண்ணா. சின்னவன் ஸ்கூல்லயே சாப்ட்டுக்குவான். பெரியவளுக்குத்தான் செய்யணும்."

2022 செப்டம்பரில் மதுரையில் தொடங்கிய காலை உணவுத் திட்டம், அடுத்த ஆகஸ்டில் எல்லா அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கும் வந்தது. ஐந்தாம் வகுப்பு வரை பொங்கலோ உப்புமாவோ பள்ளியிலேயே சூடாகக் கிடைக்கிறது. அரசாங்கம் அந்தப் பெண்ணின் அடுப்பு வேலையில் கொஞ்சத்தை வாங்கிக்கொண்டது. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் ஆள் எதை வாங்கிக்கொண்டார்?

ஆம்பளைக்குச் சமையல் வராது என்று என்னிடம் சொல்லாதீர்கள். கல்யாண மண்டபத்தில் ஆயிரம் பேருக்குச் சமைப்பது யார்? சம்பளம் கொடுத்தால் வருகிற கை, ராத்திரி முழுக்க நின்று வேலை பார்த்த மனைவிக்கு இரண்டு தோசை ஊற்ற ஏன் வரமாட்டேன் என்கிறது?

அப்புறம் எங்கள் பின் தெருவில் ஒரு தம்பி இருக்கிறான். மனைவி முதல் ஷிஃப்ட். எட்டரைக்கு வாசல்படியில் உட்கார்ந்து மகளுக்குச் சடை பின்னிவிடுவான். ஒரு பக்கம் ஏறி, ஒரு பக்கம் இறங்கித்தான் இருக்கும். அவிழாமல் இருக்க ரிப்பனை இரண்டு முடிச்சுப் போடுவான். அந்தப் பாப்பா தினமும் அந்தச் சடையோடுதான் பள்ளிக்கூடம் போகிறாள்.