கோர்லா பண்டிட் டெல்லிக்காரர் அல்ல

இசைக்கலைஞர் கோர்லா பண்டிட் டெல்லியில் பிறந்தவர், அமெரிக்கத் தொலைக்காட்சியில் சொந்த நிகழ்ச்சி நடத்திய முதல் இந்தியர் என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். டெல்லியில் பிறந்ததாக அவரே சாகும் வரை சொல்லி வந்தார், அதனால் நம்பியவர்களைக் குறை சொல்ல முடியாது.

ஆனால் அவர் இந்தியர் அல்ல. இயற்பெயர் ஜான் ரோலண்ட் ரெட். 1921-இல் மிசௌரி மாநிலம் செயின்ட் லூயிஸில் பிறந்த கறுப்பின அமெரிக்கர். அப்பா பாப்டிஸ்ட் சபைப் போதகர். நிகழ்ச்சி உண்மைதான்: 1949-இல் லாஸ் ஏஞ்சலிஸின் கேடிஎல்ஏ தொலைக்காட்சி நிலையத்தில் தலைப்பாகையோடு வந்து, ஒரு வார்த்தை பேசாமல் ஆர்கனும் பியானோவும் வாசித்தார். அருமையான கலைஞர், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அந்த ஊரின் இசைக்கலைஞர் சங்கமே அப்போது நிறத்தால் இரண்டாகப் பிரிந்து கிடந்தது, 1953-இல்தான் ஒன்றானது. அதை மறந்துவிட்டு, இந்தியர் என்று சொல்லிக்கொண்டதற்காக அவரைக் குற்றம் சொல்வது நியாயமில்லை.

சரி, இதை எப்படிச் சரிபார்ப்பது? அவர் 1998-இல் இறந்தார். 2001-இல் 'லாஸ் ஏஞ்சலிஸ்' இதழில் ஆர். ஜே. ஸ்மித் எழுதிய கட்டுரைதான் உண்மையை வெளியே கொண்டுவந்தது. இயற்பெயரையும் இதழின் பெயரையும் சேர்த்துத் தேடுங்கள். அப்புறம், 1930 அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்பு ஏடுகள் பொதுப் பார்வைக்குத் திறந்தவை. மிசௌரி மாநிலத்தில் ரெட் குடும்பத்தைத் தேடிப் பார்க்கலாம்.