முள் பட்டை எங்கே கிடைக்கும் என்று கேட்ட தம்பிக்கு

நேற்று இரவு பத்து மணிக்கு மேல் புலனத்தில் ஒரு குரல் பதிவு வந்தது. பின் லோரோங்கில் இருக்கும் தம்பிதான். “அக்கா, முன்ன உங்க கறுப்பிக்குப் போட்டிருந்தீங்களே, அந்த முள்ளு பெல்ட்டு, அது எங்க வாங்குனீங்க? எங்க வீட்டு ராக்கி ரொம்ப இழுக்குறான். அம்மாவால புடிக்கவே முடியல. போன வாரம் கீழ தள்ளிட்டான்.”

கடைப் பெயரை அனுப்பியிருந்தால் வேலை முடிந்திருக்கும். மூன்று தடவை தட்டிவிட்டு மூன்று தடவையும் அழித்தேன். நான் அந்தப் பட்டையை (நாயின் கழுத்தில் போடுவது, உள்பக்கம் உலோக முள் இருக்கும், இழுத்தால் இறுகும்) வாங்கிய அன்று யாராவது என்னை உட்காரவைத்து நாலு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்று தோன்றியது. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன். தம்பி, பொறுமையாகப் படி. மற்றவர்களும் படிக்கலாம், திட்டவும் செய்யலாம்.

நான் பிறந்தது மலேசியாவில், ரப்பர் தோட்டத்து லயத்தில் (தொழிலாளர் வரிசை வீட்டில்). தாத்தா வளர்த்த டைகருக்குக் கழுத்தில் ஒரு கறுப்புக் கயிறு மட்டும்தான், அதுவும் முனியாண்டி கோயிலில் மந்திரித்துக் கட்டியது. விடியற்காலையில் தாத்தா தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால் வெட்டக் கிளம்பினால் அது நிரை நிரையாகப் பின்னாலேயே போகும். பால் நிறுக்கும்வரை கொட்டகை நிழலில் படுத்திருக்கும், அவர் சைக்கிளை எடுத்ததும் எழுந்து வரும். யாரும் அதற்கு ஒன்றும் கற்றுக்கொடுத்ததாக எனக்கு நினைவில்லை. நாள் முழுக்க நடந்த நாய்க்கு இழுக்க என்ன இருக்கிறது?

அப்புறம் ரப்பர் போய்ச் செம்பனை வந்தது, லயம் இடிபட்டது, நாங்கள் சுங்கை சிப்புட் டவுன் பக்கம் தாமான் (குடியிருப்புப் பகுதி) வீட்டுக்கு வந்தோம். நாய்களும் கூடவே வந்தன. ஆனால் இங்கே அவற்றுக்குக் கிடைத்தது இரும்புக் கேட்டும் நாலடிச் சங்கிலியும்தான். காலையிலிருந்து கேட் வழியாகப் பூனை, மோட்டார், ரொட்டிக்காரர், பள்ளிப் பிள்ளைகள் என்று எல்லாவற்றையும் பார்த்துக் குரைத்துக்கொண்டே கிடக்கும் நாயைச் சாயங்காலம் பத்து நிமிடம் வெளியே கொண்டு போனால் அது இழுக்காமல் என்ன செய்யும்? நம் ஊரில் ‘அடங்காத நாய்’ என்று பெயர் வாங்கியவற்றில் பாதி இப்படிக் கட்டிப்போட்டே கெடுக்கப்பட்டவை என்பது என் எண்ணம். பட்டையைப் பற்றிப் பேசும் முன் இதைச் சொல்லாவிட்டால் மனசு கேட்காது.

சரி, கறுப்பி கதைக்கு வருகிறேன். ரோட்வைலர் கலப்பு, 32 கிலோ. ஒன்றரை வயதில் பூனையைக் கண்டால் என்னைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு ஓடுவாள். நம் தாமானில் இது வெறும் வேடிக்கையாக முடிகிற காரியமில்லை. மூன்று வீடு தள்ளி ஒரு பாக்சிக், அதாவது மலாய்ப் பெரியவர், இருக்கிறார். தினமும் மஃரிப் (அந்தி) தொழுகைக்கு சுராவ் என்ற சிறிய தொழுகைக்கூடத்துக்குப் போகிறவர். நாயின் எச்சில் அவர் மேல் பட்டால் பட்ட இடத்தை ஏழு முறை கழுவ வேண்டும், அதில் ஒரு முறை மண் கலந்த தண்ணீரால். சமாக் என்பார்கள். தொழுகைக்குக் கிளம்பிய மனிதரை வீட்டுக்குத் திருப்பி அனுப்பிய பாவம் எனக்கு வேண்டாம் என்றுதான் அந்த முள் பட்டையை ஆன்லைனில் வாங்கினேன். அதாவது, வாங்கிய காரணத்தில் குறையில்லை. போட்ட விதத்தில்தான் முழுக்கக் குறை.

அந்தப் பெட்டியில் விளக்கத்தாள் என்று எதுவும் இல்லை. பார்க்கக் கரடுமுரடாக இருந்ததால், இரக்கப்பட்டுத் தளர்வாகவே மாட்டினேன். தொண்டைக்குக் கீழே அட்டிகை மாதிரி தொங்கியது. இழுத்தால் வெடுக்கென்று சுண்டுவேன். அவள் ஒரு கணம் நிற்பாள், மறுபடி இழுப்பாள், நான் இன்னும் பலமாகச் சுண்டுவேன். இப்படியே ஆறு வாரம் ஓடியது.

ஒருநாள் பொழுது சாயும் நேரம் பாக்சிக் வெள்ளைத் தொப்பியும் சாரோங்குமாக எதிரே வந்தார். கறுப்பி அவரைப் பார்த்து வாலை ஆட்டினாள். இது எனக்கு இன்றைக்கும் நன்றாக நினைவிருக்கிறது, வாலைத்தான் ஆட்டினாள். எங்கே பாய்ந்துவிடுவாளோ என்ற பயத்தில் நான் இரண்டு கையாலும் வாரை இழுத்துச் சுண்டினேன். ‘கீக்’ என்று ஒரு சத்தம். அவ்வளவு பெரிய நாயிடமிருந்து குட்டி நாயின் குரல். வீட்டுக்கு வந்து மயிரை விலக்கிப் பார்த்தால் கழுத்தின் ஒரு பக்கம் மட்டும் நாலு சிவப்புப் புள்ளிகள்.

அதற்கு அடுத்த வாரத்திலிருந்து வெள்ளைத் தொப்பியைக் கண்டாலே உறுமத் தொடங்கினாள்.

இழுக்காதே என்று சொல்லிக்கொடுப்பதாக நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அவள் கற்றுக்கொண்டது வேறு. வலி எங்கிருந்து வந்தது என்று நாய்க்குத் தெரியாது. வலித்த அந்த நொடியில் கண்முன்னே யார் இருந்தாரோ அவர் மேல் பழியைப் போட்டுவிடலாம். வாலாட்டிய நாயை உறும வைத்தது நான்தான். பாக்சிக்குக்கு இன்றுவரை அது தெரியாது. தெரிந்தால் சிரிப்பாரா, கோபப்படுவாரா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

ஈப்போவில் என் நாத்தனாரின் மாமனார் ஒருவர் இருக்கிறார். போலீஸ் நாய்ப் பிரிவில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். கறுப்பியைக் கூட்டிக்கொண்டு அவரிடம் போனேன். அவர் நாயைப் பார்க்கவே இல்லை. “கையக் குடு” என்றார். பட்டையை என் முன்னங்கையில் நான் அவளுக்குப் போட்ட மாதிரியே தளர்வாக மாட்டி, வாரை ஒரு சுண்டு சுண்டினார். ஒரு பக்கத்து முள் மட்டும் எலும்பில் ‘நங்’ என்று இறங்கியது. அப்புறம் இரண்டு கண்ணியைக் கழற்றிவிட்டு, கையோடு ஒட்டினாற்போல் மாட்டி அதே அளவு இழுத்தார். சுற்றிலும் ஒரே சீராக ஒரு பிடி, அவ்வளவுதான். “லூசா போட்டா இரக்கம்னு நெனச்சியாம்மா?” என்று கேட்டார். எனக்குத் தலை நிமிரவில்லை.

பட்டையைக் கழற்றி அவர் வீட்டு ஆணியில் மாட்டிவிட்டு, “ரெண்டு வாரத்துக்கு இத மறந்துடு” என்று அனுப்பிவைத்தார். அந்த இரண்டு வாரம் என் வேலை இதுதான்: சாதாரணப் பட்டையோடு திடலின் கோடியில், ஆள் நடமாட்டத்துக்கு நல்ல தூரத்தில் நிற்க வேண்டும். யாராவது கடந்துபோவதைக் கறுப்பி பார்க்க வேண்டும். பார்த்துவிட்டு உறுமாமல் என் பக்கம் திரும்பினால் உடனே வாயில் ஒரு நெத்திலி. (தண்ணீரில் ஊறவைத்து உப்பை இறக்கிய நெத்திலி. அப்படியே கொடுத்தால் உப்பு அதிகம், நாய்க்கு ஆகாது.) நாளுக்கு நாள் நாலெட்டு கிட்டே போக வேண்டும். அவள் உறுமினால் அன்றைக்கு நான் அவசரப்பட்டுவிட்டேன் என்று அர்த்தம், பின்னால் போக வேண்டும். கூடவே ‘பக்கம்’ என்றால் என் இடது காலோடு ஒட்டி வர வேண்டும் என்பதையும் வீட்டுக்குள்ளேயே நெத்திலியைக் காட்டிக் காட்டிப் பழக்கினேன்.

அவளுக்கு அந்தச் சொல்லின் பொருள் புரிந்த பிறகுதான் மாமா மறுபடி பட்டையை எடுத்தார். காதுக்குப் பின்னே, கழுத்தின் மேல்பகுதியில், நழுவாதபடி. தம்பி, உன் அம்மா ராக்கியைப் பிடிப்பதுபோல் வாரைக் கையில் சுற்றிக்கொண்டு பிடிக்கவில்லை, இரண்டு விரலால். கறுப்பி ஒரு காகத்தைப் பார்த்து முன்னே போனாள். ‘பக்கம்’ என்றார், அவள் கேட்கவில்லை, விரல் மடங்கியது, அதே நொடியில் வார் தொய்ந்தது. அவள் திரும்பினாள், “அப்படித்தான்டி தங்கம்” என்றார், வாயில் நெத்திலி. அரை மணி நேரத்தில் அந்த விரல் மடங்கியது மூன்றே தடவை. நான் ஆறு வாரத்தில் எத்தனை நூறு தடவை சுண்டியிருப்பேன் என்று கணக்குப் போட்டுப் பார்க்கவே பயமாக இருந்தது.

இழுத்தால் இறுகும் சங்கிலிக்கும் சங்கதி அதுதான் என்று சொன்னார். இடது பக்கம் வரும் நாய்க்கு எதிரே நின்று மாட்டும்போது அது ஆங்கில ‘P’ எழுத்து மாதிரி இருக்க வேண்டும். அப்போதுதான் கையைத் தளர்த்தியதும் சங்கிலி தன் பாரத்திலேயே நழுவித் திறக்கும். திருப்பி மாட்டினால் இறுகியது இறுகியபடியே நிற்கும், நாய்க்கு எது சரி எது தப்பு என்றே தெரியாமல் போகும். நம் ஊரில் நான் பார்த்த சங்கிலிகளில் பல திருப்பித்தான் மாட்டப்பட்டிருக்கின்றன. அதிலேயே கட்டியும் போட்டிருக்கிறார்கள். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். கேட் மேல் ஏறிக் குதித்து நாய் தொங்கிவிட்டால் எடுத்துவிட ஆள் இருக்க மாட்டார்கள். முள் பட்டையும் அப்படித்தான், பயிற்சி முடிந்ததும் கழற்றிவிட வேண்டும். அதன் கண்ணி சில நேரம் தானாகக் கழன்று கொள்ளும் என்பதால் கூடவே ஒரு சாதாரணப் பட்டையும் போட்டு இரண்டையும் வாரில் மாட்டுவது நல்லது. குட்டி நாய்க்கும், மூச்சுக் குழாய் பலவீனமான பொமரேனியன் மாதிரிச் சின்ன நாய்களுக்கும், பக் போன்ற சப்பை மூக்கு நாய்களுக்கும் இந்த இரண்டும் வேண்டவே வேண்டாம்.

ரிமோட்டை அழுத்தினால் கழுத்தில் மின்னதிர்ச்சி தரும் ஷாக் பெல்ட்டைப் பற்றியும் கேட்பீர்கள். தோட்டத்தில் இன்னும் இருக்கும் எங்கள் சொந்தக்காரர் ஒருவர் வாங்கினார். அவர் நாய் பக்கத்து டிவிஷன் ஆடுகளை விரட்டுகிறது என்று புகார். ரிமோட்டை அழுத்தினால் நாய் நின்றது உண்மை. அதைப் பார்த்து எனக்கே ஆசை வந்தது. மாதம் போன பிறகு பார்த்தால், மின்முனைகள் அழுத்திய இடத்தில் இரண்டு புண், நம் ஊர் மழை ஈரத்தில் சீழ் வைத்துவிட்டது. இரவு பகல் கழற்றவே இல்லையாம். நாய் இப்போது அவர் கையில் கைப்பேசி இருந்தால்கூடக் கிட்டே வருவதில்லை.

ஆட்டை விரட்டும் நாய்க்கு வேறு வழியில்லை என்று அவர் சாதித்தார். பிரிட்டனில் லிங்கன் பல்கலைக்கழகத்தார் இதையேதான் சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். கூப்பிட்டால் வராத, ஆடுமாடுகளை விரட்டுகிற மாதிரி 63 வீட்டு நாய்களை வைத்துச் செய்து 2014இல் வெளியிட்டார்கள். ஷாக் பெல்ட்டில் தேர்ந்த பயிற்சியாளர்களே பழக்கியும்கூட, தின்பண்டம் கொடுத்துப் பழக்கியதைவிடக் கூடுதல் பலன் ஒன்றும் கிடைக்கவில்லை, நாய்கள் பதற்றப்பட்டதுதான் மிச்சம். வேல்ஸில் ஷாக் பெல்ட்டுக்கு 2010இலேயே தடை. ஜெர்மனியில் 2022 முதல் முள் பட்டையோ வலி தரும் வேறு எதுவோ வைத்து நாயைப் பயிற்றுவிக்கக் கூடாது. அப்படிப் பார்த்தால் மாமா அவ்வளவு மென்மையாகச் செய்ததும் அங்கே குற்றம். அதை மறைக்க எனக்கு விருப்பமில்லை. அவரிடமே சொன்னேன். “நெத்திலிலயே முடிஞ்சா எனக்கும் சந்தோஷம்தான்” என்றார்.

நானும் இப்போது ஏறக்குறைய அந்தப் பக்கம்தான். கறுப்பியை மாற்றியதில் பட்டைக்குப் பத்தில் ஒரு பங்கு இருந்தால் அதிகம். ஆனாலும் இந்தப் பட்டையைத் தொட்டவர் எல்லாரும் கொடுமைக்காரர் என்று தீர்ப்புச் சொல்கிறவர்களோடு எனக்கு ஒத்துப்போகவில்லை. செம்பனைக் குலை ஏற்றிய லோரி ஓடும் சாலையோரம், 30 கிலோ நாய் ஒரு பாட்டியை இழுத்துக்கொண்டு போவதைப் பார்த்த பிறகு பேசட்டும். அதே நேரம், “ரோத்தான் அடி வாங்கித்தான் நாங்கள் உருப்பட்டோம், நாய்க்கென்ன?” என்று கேட்கும் அண்ணன்மாருக்கும் ஒன்று. நமக்கு எதற்கு அடி விழுந்தது என்று அடிக்கும் முன் சொன்னார்கள், சில சமயமாவது. நாய்க்கு யார் சொன்னார்கள்? கறுப்பி ‘பக்கம்’ என்ற சொல்லையே அறியாத நாளில், அது தெரியவில்லை என்று ஆறு வாரம் தண்டித்தவள் நான். நம் நாட்டு 2015ஆம் ஆண்டு விலங்கு நலச் சட்டத்தில் வதைக்குக் குறைந்தது 20,000 வெள்ளி, கூடினால் 100,000 வெள்ளி அபராதம், மூன்று ஆண்டு வரை சிறையும் உண்டு. புண்ணோடு கட்டிக்கிடக்கும் நாயை யாராவது படம் எடுத்துப் போட்டால் ‘பழக்கினேன்’ என்பது பதிலாகாது.

தம்பி, உன் ராக்கிக்கு ஒன்பது மாதம்தான் ஆகிறது என்று உன் அம்மா சொன்னார். அவனை நடத்துவதும் நீ இல்லை, அம்மா. ஆகவே கழுத்தை விட்டுவிடு. நெஞ்சுப் பக்கம் வளையம் உள்ள மார்வார் (ஹார்னஸ், உடம்பைச் சுற்றி மாட்டுவது) ஒன்று வாங்கு, இழுத்தால் அவன் தானாக உங்கள் பக்கம் திரும்பிவிடுவான். கழுத்துப் பட்டையோடு முட்டி இழுக்கும் நாய்க்குக் கண்ணுக்குள் அழுத்தம் கூடுகிறது, மார்வாரில் அப்படிக் கூடவில்லை என்று 2006இல் ஒரு கால்நடை ஆய்வு சொன்னது. அம்மாவைக் கூட்டிக்கொண்டு சனிக்கிழமை ஐந்து மணிக்குத் திடலுக்கு வா. கோழி ஈரல் கொஞ்சம் அவித்துச் சின்னச் சின்னதாக நறுக்கிக்கொள். என் பட்டை அப்படியேதான் ஆணியில் தொங்குகிறது, துருப்பிடித்துவிட்டது, இரவல் கேட்காதே.

பாக்சிக் இப்போதும் அதே நேரத்தில்தான் வருகிறார். கறுப்பி என் காலோடு ஒட்டி உட்கார்ந்துகொள்வாள், அவர் சாலையின் மறுபக்கமாகவே போய்க்கொண்டு கையைத் தூக்கி “பாகுஸ், பாகுஸ்” (நல்லது, நல்லது) என்பார். இருட்டிய பிறகு ஹெல்மெட்டோடு யாராவது வந்தால் மட்டும் இன்னமும் அவள் தொண்டைக்குள் ஒரு சத்தம் கேட்கிறது, அது முழுதாகப் போகவில்லை. என் சட்டைப்பை எல்லாம் நெத்திலி வாடை. துணி துவைக்கிற அன்று வீட்டுக்காரர் பேசுவதை இங்கே எழுத முடியாது.